சுவர்ப் பசைக்கறை நீக்கம்

வண்ணம் பூசிய சுவரில் ஒட்டியிருந்த ஒட்டுநாடா, ஒட்டுப்படம், சுவரொட்டி, கொக்கி போன்றவற்றை எடுத்த பின்பும் அவ்விடத்திலேயே தங்கி, தூசியைப் பிடித்து நாளடைவில் கறுத்துப்போகும் பிசுபிசுப்பான எச்சம் பசைக்கறை எனப்படும். சுவரின் நிறமும் மேற்பரப்பும் கெடாமல் அதை அகற்றும் முறைகளின் தொகுதி பசைக்கறை நீக்கமாகும். கண்ணாடியிலோ எவர்சில்வர்ப் பாத்திரத்திலோ ஒட்டிய பசையை அகற்றுவது எளிது. பசையைக் கரைக்கும் எந்தத் திரவமும் அடியிலுள்ள பொருளைத் தீண்டுவதில்லை. வண்ணச் சுவரிலோ பசை, பூச்சு ஆகிய இரண்டுமே மெல்லிய பலபடிப் படலங்கள். பலபடி என்பது சிறு மூலக்கூறுகள் நீண்ட சங்கிலியாகக் கோத்து அமைந்த பொருளாகும். பல நேரங்களில் இரண்டும் ஒரே அக்ரிலிக் குடும்பத்தைச் சேர்ந்தவையாகவும் இருப்பதால், பசையை இளக்கும் பொருள் பூச்சையும் இளக்கிவிடுகிறது. எனவே எந்த முறையைக் கையாள்வது என்பதைப் பசையின் வகையைவிடப் பூச்சின் வகையே முதலில் தீர்மானிக்கிறது.

ஒட்டுதலின் இயல்பு

நாடாவிலும் ஒட்டுப்படத்திலும் உள்ளது அழுத்தப்பசை எனப்படும் வகையாகும். இது உலராமல், இறுகாமல், வெறும் விரலழுத்தத்தாலேயே ஒட்டுவது. சுவரில் படிந்ததும் திரவத்தைப் போல மெல்ல ஒழுகி நுண்பள்ளங்களை நிரப்புகிறது; இழுக்கும்போது திண்மப் பொருளைப் போல எதிர்க்கிறது. இவ்விரு குணங்களும் ஒருசேர இருப்பதைப் பாகுமீள்மை என்பர். இங்கே பிணைப்பை உண்டாக்குவது பெரும்பாலும் வேதிவினை அன்று. மூலக்கூறுகள் மிக நெருங்கும்போது அவற்றிடையே தோன்றும் வான் டெர் வால்ஸ் விசையே. ஒரு பொருள் தொட்ட மாத்திரத்தில் ஒட்ட வேண்டுமானால் அதன் விறைப்பு ஏறத்தாழ 3 இலட்சம் பாஸ்கலுக்குக் கீழே இருக்க வேண்டும் என்று அமெரிக்காவின் 3எம் நிறுவனத்தில் பணியாற்றிய கார்ல் டால்குவிஸ்ட் வகுத்த அளவுகோல் இன்றும் பசையியலில் பயன்படுகிறது.

நீக்கும் முறைகளில் பலவும் இந்தப் பாகுமீள்மையிலிருந்தே பிறக்கின்றன. நாள் ஆக ஆகப் பசை மேலும் ஆழமாக ஒழுகிப் படிவதால், ஒட்டிய அன்றே எளிதில் வரும் நாடா ஓராண்டுக்குப் பின் பூச்சோடு உரிந்து வருகிறது. விரைந்து இழுத்தால் பசை விறைத்து எதிர்த்துப் பூச்சைப் பெயர்க்கிறது. மெதுவாக இழுத்தால் ஒழுகி விலகிவிடுகிறது. வெப்பம் அதன் விறைப்பைக் குறைத்து இளக்குகிறது.

வரலாறு

அழுத்தப்பசை தோன்றுவதற்கு முன்னர், சுவரில் காகிதம் ஒட்ட மாப்பசையும் மரப்பிசினுமே பயன்பட்டன. தமிழ்நாட்டில் மைதா மாவை நீரில் கரைத்துக் காய்ச்சி, பூச்சியும் பூஞ்சையும் அண்டாமலிருக்க மயில்துத்தம் சேர்த்து எடுக்கும் பசை, புத்தகம் கட்டுவோரிடமிருந்து சுவரொட்டி ஒட்டுவோர்வரை பரவலாக வழங்கியது. மாப்பசை நீரில் ஊறினால் உப்பி நெகிழ்ந்துவிடும் என்பதால், அதை நீக்குவது தனிக்கலையாக வளர வேண்டிய தேவை எழவில்லை. ஆனால் சுவரொட்டிகளின் பெருக்கம் வேறொரு சிக்கலாக உருவெடுத்தது. பொதுப் பார்வையில் படும் இடங்களை விளம்பரங்களால் அலங்கோலப்படுத்துவதைத் தடுக்கத் தமிழ்நாட்டில் 1959ஆம் ஆண்டிலேயே தனிச் சட்டம் இயற்றப்பட்டது.

அமெரிக்க அறுவை மருத்துவர் ஹோரஸ் டே, துணிப்பட்டைகளில் இயற்கை ரப்பர் கலந்த பசையைப் பூசி, காயங்களுக்கான ஒட்டுப்பட்டையை 1845ஆம் ஆண்டில் உருவாக்கினார். அழுத்தப்பசையின் தொடக்கமாக இதையே கொள்வது வழக்கம். அதன் பின் முக்கால் நூற்றாண்டு அப்பசை மருத்துவத்தைப் பெரிதும் விட்டு வெளியே வரவில்லை. அதை வெளியே கொண்டுவந்தது, வியக்கத்தக்க முறையில், பூச்சு உரிந்துபோகும் சிக்கலேயாகும். 1920களில் அமெரிக்காவில் இருவண்ண மோட்டார் வண்டிகள் விரும்பப்பட்டன. ஒரு நிறத்தைப் பூசிய பின் அப்பகுதியைக் காகிதத்தால் மறைத்துவிட்டு அடுத்த நிறத்தைப் பூச வேண்டியிருந்தது. மறைப்பை ஒட்டப் பயன்படுத்திய வலிய பசை, எடுக்கும்போது புதுப் பூச்சையும் பிய்த்துக்கொண்டு வந்தது. மின்னசோட்டா மாநிலத்தின் செயின்ட் பால் நகரில், உப்புத்தாள் தயாரித்துவந்த 3எம் நிறுவனத்தின் இளம் பணியாளர் ரிச்சர்ட் ட்ரூ, வண்டிப் பட்டறை ஒன்றில் இந்த இழப்பை நேரில் கண்டார். பூச்சுக்குத் தீங்கு செய்யாமல் ஒட்டவும், வேலை முடிந்ததும் தடமின்றி உரியவும் வல்ல நாடாவை அவர் 1925ஆம் ஆண்டில் உருவாக்கினார். மறைப்புநாடா எனப்படுவது இதுவே. ஆகவே வண்ணப் பரப்பைக் காத்தல் என்னும் நோக்கம் ஒட்டுநாடாவின் பிறப்பிலேயே அடங்கியிருந்தது. பின்வந்த நாடாக்கள் வலிமையை நாடி அந்நோக்கத்தைக் கைவிட்டதன் விளைவே இன்றைய வீட்டுச் சுவர்களிலுள்ள கறைகள் எனலாம்.

ட்ரூ 1930ஆம் ஆண்டில் செல்லோபேன் தாளில் பசை பூசிய ஒளிபுகும் நாடாவை வெளியிட்டார். லாஸ் ஏஞ்சலிஸில் ஸ்டான்டன் ஏவரி 1935ஆம் ஆண்டில் தானே ஒட்டும் சிட்டையை உருவாக்கினார். விலைச்சிட்டையிலிருந்து ஸ்டிக்கர் பொட்டுவரை இந்த வழியில் வந்தவையே. இவற்றில் பயன்பட்ட இயற்கை ரப்பர்ப் பசை காற்றிலுள்ள ஆக்சிஜனோடு சேர்ந்து மூன்று நிலைகளைக் கடக்கிறது. முதலில் மஞ்சளாகிறது, பின்னர் எண்ணெய் போல் இளகி அடிப்பரப்புக்குள் ஊடுருவுகிறது, இறுதியில் குறுக்குப்பிணைப்புகள் பெருகி, எதிலும் கரையாத செம்பழுப்புப் பொருக்காக இறுகுகிறது. இரண்டாம் நிலைக்கு முன்பே நீக்கிவிடுவது ஏன் இன்றியமையாதது என்பதை இது விளக்கும். 1960களில் பரவிய அக்ரிலிக் பசைகள் எளிதில் மஞ்சளாவதில்லை. எனினும் ஆண்டுக்கணக்கில் மெல்ல ஒழுகிக்கொண்டே இருப்பதால் அவற்றின் பிடி தளர்வதில்லை.

பிடியைக் குறைக்கும் திசையில் நிகழ்ந்த முதற்பெரும் கண்டுபிடிப்பும் 3எம் நிறுவனத்திலேயே தோன்றியது. ஸ்பென்சர் சில்வர் 1968ஆம் ஆண்டில், வலிய பசையைத் தேடும் ஆய்வின்போது, நுண்கோளங்களாக அமைந்து பரப்பைச் சில புள்ளிகளில் மட்டுமே தொடும் பசை ஒன்றைக் கண்டார். பல ஆண்டுகள் பயனற்றுக் கிடந்த அப்பசையே, ஆர்ட் ஃப்ரை என்பவரின் யோசனையால், 1980ஆம் ஆண்டில் எடுத்தொட்டும் குறிப்புத்தாளாக விற்பனைக்கு வந்தது. 1990களில், இழுத்தால் நீண்டு மெலிந்து சுவரிலிருந்து தானே விலகும் பட்டைகள் வெளிவந்தன.

இதே காலப்பரப்பில் சுவர்ப்பூச்சும் மாறியது. சுண்ணாம்பும் எண்ணெய்ப் பூச்சும் ஆண்ட இடத்தில், இரண்டாம் உலகப் போருக்குப் பின், நீரில் விரவிய செயற்கைப் பலபடியாலான எமல்ஷன் பூச்சுகள் புகுந்தன. இவற்றுள் முதலில் பரவலாக விற்பனையானது 1948ஆம் ஆண்டில் அமெரிக்காவின் கிளிடன் நிறுவனம் வெளியிட்டது. 1953ஆம் ஆண்டில் ரோம் அண்ட் ஹாஸ் நிறுவனம் முழு அக்ரிலிக் எமல்ஷனை அளித்தது. சுவரும் பசையும் வேதியியலில் உறவாகிவிட்ட நிலை அதன் பின்னரே ஏற்பட்டது.

வீட்டுச் சுவரோடு நேரடித் தொடர்பில்லை எனினும், வண்ணச் சுவரிலிருந்து ஒட்டும் படலத்தை அகற்றும் கலைக்கு இந்தியாவில் அசந்தாக் குகை ஓவியங்களே பெரும் பாடமாக விளங்குகின்றன. ஐதராபாத் நிசாம் அரசின் அழைப்பில் 1920ஆம் ஆண்டை ஒட்டி வந்த இத்தாலிய மீட்பாளர்கள் லொரென்சோ செக்கோனியும் ஓர்சினி பிரபுவும், உதிரும் நிலையிலிருந்த ஓவியங்களைக் காக்க அவற்றின் மேல் அவலரக்குப் பூச்சிட்டனர். அரக்கு நாளடைவில் மஞ்சளாகி, கறுத்து, சுருங்கி, தான் காக்க வேண்டிய நிறத்துகள்களையே இழுத்துப் பெயர்க்கத் தொடங்கியது. பின்னர் இந்தியத் தொல்லியல் துறையின் வேதியியலாளர்கள் அதைச் சிறுசிறு பகுதிகளாக, கரைப்பான் நனைத்த பஞ்சால், ஆண்டுக்கணக்கில் அகற்ற வேண்டியதாயிற்று. மறைவிடத்தில் சோதித்தல், மென்மையானதில் தொடங்குதல், தேய்க்காமல் ஒற்றியெடுத்தல் ஆகிய ஓவியப் பாதுகாப்பு நெறிகள் மூன்றும் எளிய வீட்டுச் சுவருக்கும் அப்படியே பொருந்தும்.

பசைகளின் வகைப்பாடு

கரையும் தன்மையை அடிப்படையாகக் கொண்டால், சுவரில் காணப்படும் பசைகள் நான்கு பிரிவுகளில் அடங்கும். முதலாவது, நீரால் நெகிழ்பவை: மாப்பசையும், பெவிக்கால் போன்ற வெள்ளைப் பசைகளும் இதில் அடங்கும். வெள்ளைப் பசை பாலிவினைல் அசிட்டேட் என்னும் பலபடியின் பால்மம். உலர்ந்த பின் நீரில் கரையாது எனினும் வெந்நீரில் ஊறினால் வெளுத்து மென்மையாகும். இரண்டாவது, எண்ணெய்த்தன்மையுள்ள கரைப்பான்களில் இளகுபவை: ரப்பர்ப் பசை பூசிய நாடாக்கள், பழைய ஒட்டுப்படங்கள், சூடாக உருக்கி ஒட்டும் பசைக்குச்சிகள் ஆகியவை. மூன்றாவது, ஆல்ககால், அசிட்டோன் போன்ற முனைவுள்ள கரைப்பான்களில் இளகும் அக்ரிலிக் பசைகள். நுரைப்பஞ்சு வைத்த இருபக்க நாடாக்கள் பெரும்பாலும் இவ்வகையின. நான்காவது, இறுகிய பின் எதற்கும் எளிதில் இணங்காதவை: உடனடிப் பசை எனப்படும் சயனோஅக்ரிலேட்டும், இரு பொருள்களைப் பிசைந்து ஒட்டும் எப்பாக்சியும். படம் ஒட்டப் பயன்படும் களிமண் போன்ற மறுபயன் பசை இவற்றுள் எதிலும் சேராது. அது எண்ணெயைச் சுவருக்குள் கசியவிட்டு நிழல்போன்ற தடத்தை உண்டாக்கும்.

எந்தக் கரைப்பான் எந்தப் பசையை இளக்கும் என்பதைக் கணிக்கக் கரைதிறன் அளவெண் என்னும் கருத்து உதவுகிறது. இரு பொருள்களின் அளவெண்கள் நெருங்கியிருந்தால் ஒன்றில் மற்றொன்று கரையும். மெகாபாஸ்கலின் வர்க்கமூலம் என்னும் அலகில், இயற்கை ரப்பருக்கு ஏறத்தாழ 16.5, கனிமத் தின்னருக்கு 15 முதல் 16, அக்ரிலிக் பலபடிக்கு 19, அசிட்டோனுக்கு 20, எத்தில் ஆல்ககாலுக்கு 26, நீருக்கு 48 என்ற மதிப்புகள் வழங்குகின்றன. எமல்ஷன் சுவரில் ரப்பர்ப் பசையை எடுக்கக் கனிமத் தின்னர் ஏன் தகுந்தது, அசிட்டோன் ஏன் ஆகாது என்பதை இவ்வெண்களே காட்டிவிடும். டென்மார்க்கில் சார்லஸ் ஹேன்சன் 1967ஆம் ஆண்டில் இந்த அளவெண்ணைச் சிதறல் விசை, முனைவு, ஹைட்ரஜன் பிணைப்பு என மூன்று கூறுகளாகப் பிரித்துத் துல்லியப்படுத்தினார்.

சுவர்ப்பூச்சின் வகைகள்

சுண்ணாம்பு அடித்த சுவரின் மேற்பரப்பு கால்சியம் கார்பனேட் ஆகும். நுண்துளைகள் நிறைந்த அதில் பசை உள்ளிறங்கிவிடும். வினிகரிலுள்ள அசிட்டிக் அமிலம் அப்பரப்பையே கரைத்துவிடும். டிஸ்டம்பர் என்பது சுண்ணப்பொடியைச் சிறிதளவு பிணைப்புப் பொருளோடு கலந்த மலிவான பூச்சு; ஈரத்துணி பட்டாலே நிறம் கையோடு வரும். எமல்ஷன் சுவர் நீரைத் தாங்கும். ஆயினும் அதிலும் ஒளி மங்கிய மேட் வகையில் நிறத்துகள் மிகுந்து பிணைப்புப் பலபடி குறைந்திருப்பதால், அழுத்தித் தேய்த்தால் துகள்முனைகள் மழுங்கி, சாய்கோணத்தில் பார்க்கும்போது தெரியும் பளபளப்புத் தழும்பு விழும். இது கறையைக் காட்டிலும் மோசமானது, திரும்பப் பூசாமல் போகாது. எனாமல் பூச்சு வழவழப்பானது, எல்லாவற்றிலும் உறுதியானது. காரச் சோடாவும் தின்னர் எனக் கடைகளில் விற்கும் நைட்ரோசெல்லுலோஸ் வகைக் கரைப்பானும் அதற்குப் பகை.

பூச்சுக்கு அடியிலுள்ள, பட்டி எனப்படும் நிரவல் படலத்தையும் கருத வேண்டும். தமிழ்நாட்டில் அண்மைக் காலத்தில் கட்டப்பட்ட வீடுகளில் சிமெண்ட் பூச்சின் மேல் வெள்ளை சிமெண்ட் பட்டியை இழுத்துத் தேய்த்து, பிரைமர் அடித்து, அதன் மேலேயே எமல்ஷன் பூசுகின்றனர். நாடாவை இழுக்கும்போது தகடாகப் பெயர்வது பெரும்பாலும் இப்பட்டியே. மழைக்கசிவால் உப்புப் பூத்த சுவரில் பட்டியின் பிடி முன்பே தளர்ந்திருக்கும். அத்தகைய சுவரில் நீர் சார்ந்த முறை எதையும் தொடங்கலாகாது.

வகை தெரியாத சுவரை அறிய எளிய வழி உண்டு. கதவின் பின்புறம் போன்ற மறைவான இடத்தை ஈரவிரலால் தேய்த்தால் வெள்ளைப்பொடி ஒட்டுமாயின் அது சுண்ணாம்போ டிஸ்டம்பரோ ஆகும். ஒட்டாவிடில், ஆல்ககால் நனைத்த வெள்ளைப் பஞ்சை அரை நிமிடம் ஒற்றிப் பார்க்க வேண்டும். பஞ்சில் நிறம் ஏறினால் எமல்ஷன், ஏறாவிடில் எனாமல் எனப் பெரும்பாலும் கொள்ளலாம்.

நீக்கும் முறைகள்

நாடா இன்னும் சுவரில் இருக்கும்போதே கறை நீக்கம் தொடங்குகிறது. தலைமுடி உலர்த்தியின் காற்றைக் கை தாங்கும் சூட்டில் ஒரு நிமிடம்வரை அசைத்தபடி காட்டி, நாடாவின் முனையை எடுத்து, அதன்மேலேயே மடித்து, சுவரை ஒட்டினாற்போல் மிக மெதுவாக இழுக்க வேண்டும். சுவருக்கு நேர் எதிரே செங்குத்தாக இழுப்பது பட்டியைப் பெயர்க்கும். எமல்ஷனிலுள்ள பலபடியும் வெப்பத்தில் இளகக்கூடியதாகையால் கை தாங்காத சூடு கூடாது. நுரைப்பஞ்சு நாடாவாயின் தூண்டில் நரம்பைப் பின்னால் செலுத்தி, இரம்பம் அறுப்பதுபோல் இழுத்து, நுரையை இரண்டாகப் பிளந்த பின் எஞ்சியதைக் கவனிப்பது நல்லது. இழுத்து விடுவிக்கும் பட்டைகளைச் சுவருக்கு இணையாகக் கீழ்நோக்கி மட்டுமே நீட்ட வேண்டும்.

எஞ்சிய பசைக்கு முதல் மருந்து விரலேயாகும். இளஞ்சூடான பசையை விரல்நுனியால் ஓரத்திலிருந்து நடுவை நோக்கி உருட்டினால் சிறு உருண்டைகளாகத் திரளும். வேறொரு நாடாத்துண்டின் பசைப்பக்கத்தால் ஒற்றியெடுத்தாலும் பசையோடு பசை சேர்ந்து வந்துவிடும். சுவரின் நிறத்தை நீரோ கரைப்பானோ தொடாத இம்முறைகளே சுண்ணாம்புக்கும் டிஸ்டம்பருக்கும் உரிய முறைகள். இவற்றால் போகாத கறையை அச்சுவர்களில் விட்டுவைத்து, அடுத்த முறை வெள்ளையடிக்கும்போது சுரண்டியெடுப்பதே முறை.

எமல்ஷனிலும் எனாமலிலும் அடுத்த படி சோப்பு நீர். பாத்திரம் துலக்கும் திரவச் சோப்பில் சில துளிகளை ஒரு கிண்ணம் வெதுவெதுப்பான நீரில் கலந்து, நன்றாகப் பிழிந்த மென்துணியைக் கறைமேல் ஐந்து நிமிடம் வைத்து ஒற்றியெடுத்தால் மாப்பசையும் வெள்ளைப் பசையும் பெரும்பாலும் வந்துவிடும். சோப்பில் போகாத ரப்பர்ப் பசைக்கு, மணம் நீக்கிய கனிமத் தின்னரையோ நீலகிரித் தைலத்தையோ பஞ்சுநுனியில் மிகச் சிறிதளவு எடுத்து, கறைக்கு வெளியே பரவாமல் ஒற்ற வேண்டும். நீலகிரித் தைலத்தின் முதன்மைக் கூறான சினியோல் பசையை நன்கு இளக்கும். பூச்சின் மேல் நெடுநேரம் நின்றால் அதையும் மென்மையாக்கும் என்பதால் உடனே சோப்புத்துணியால் துடைத்து எடுப்பது கட்டாயம். அக்ரிலிக் பசைக்கு ஐசோபுரொப்பைல் ஆல்ககால் ஏற்றது. எனாமலில் அதைத் தயக்கமின்றிப் பயன்படுத்தலாம். எமல்ஷனிலோ சம அளவு நீர் கலந்து, ஒரு முறைக்குச் சில நொடிகளே ஒற்றி, பஞ்சில் நிறம் தென்பட்டதும் நிறுத்திவிட வேண்டும்.

தேங்காய் எண்ணெய், நல்லெண்ணெய் போன்றவை பசையை இளக்குவது உண்மையே. எனினும் மேட் சுவரில் அவை உள்ளிறங்கி நிலையான கறுப்புத் தடம் விடுவதோடு, பின்னர் பூசும் வண்ணமும் அவ்விடத்தில் பிடிக்காது; எனாமல் தவிர்த்த எச்சுவரிலும் இத்தகைய எண்ணெய் தகாது. மண்ணெண்ணெய் எண்ணெய்த்தடத்தையும் நீங்கா நாற்றத்தையும் விடும், தீப்பற்றவும் கூடும். வினிகர் அழுத்தப்பசை எதையும் கரைப்பதில்லை. அதற்குக் கிடைத்திருக்கும் புகழ் சுவரைப் பொறுத்தமட்டில் ஆதாரமற்றது. மெலமைன் நுரைப் பஞ்சு மென்மையாகத் தோன்றினும் நுண்ணிய உப்புத்தாளாகவே செயல்பட்டு மேட் சுவரில் தழும்பு உண்டாக்கும். நகப்பூச்சு நீக்கியிலுள்ள அசிட்டோன் எமல்ஷனை நொடிகளில் கூழாக்கும். ஆகவே உடனடிப் பசை படிந்த எமல்ஷன் சுவரில் கரைப்பான் எதையும் நாடாமல், அச்சிறு பகுதியைப் பட்டியோடு செதுக்கியெடுத்து, நிரவி, வண்ணம் தொடுவதே குறைந்த சேதமுள்ள வழி. உலோக அலகால் சுரண்டுவது தேர்ந்த கைக்கும் ஆபத்தானது. வழக்கொழிந்த ஏடிஎம் அட்டை போன்ற நெகிழி விளிம்பு போதும். பழைய எனாமல் சுவர்களில் ஈயம் கலந்த பூச்சு இருக்கக்கூடுமாதலால் அவற்றை உலர்நிலையில் உப்புத்தாளால் தேய்க்கலாகாது. வீட்டுப் பூச்சுகளில் ஈயத்தின் அளவை எடையில் பத்து இலட்சத்துக்கு 90 பங்காகக் கட்டுப்படுத்தும் இந்திய விதிகள் 2016ஆம் ஆண்டில்தான் வகுக்கப்பட்டன.

கறை நீங்கியபின் வெறும் நீர் நனைத்துப் பிழிந்த துணியால் சோப்பின் எச்சத்தை ஒற்றியெடுத்து, ஒரு நாள் உலரவிட்டுப் பார்க்க வேண்டும். ஈரச் சுவரில் தடம் தெரியாது. மீண்டும் வண்ணம் பூச நேர்ந்தால் பசையின் எச்சம் சிறிதும் இருக்கலாகாது; இருந்தால் புதுப் பூச்சு அவ்விடத்தில் சுருங்கி விலகும். புதிதாக எமல்ஷன் பூசிய சுவரில் ஏறத்தாழ ஒரு மாதம்வரை எதையும் ஒட்டாமலிருப்பது நல்லது, ஏனெனில் தொடுவதற்கு உலர்ந்த பின்பும் படலம் முழு உறுதி பெற வாரக்கணக்காகும்.

இன்றைய நிலை

குறைந்த பிடியுள்ள நாடாக்களும், ஆரஞ்சுத் தோலிலிருந்து பெறும் லிமோனின் சேர்ந்த பசைநீக்கித் தெளிப்புகளும் இந்தியச் சந்தையில் இப்போது கிடைக்கின்றன. எனினும் நாடாவின் உறையில் அதன் பசை ரப்பரா அக்ரிலிக்கா என்பது பெரும்பாலும் குறிக்கப்படுவதில்லை. இந்த ஒரு சொல்லை அச்சிடுவதை உற்பத்தியாளர்களுக்குக் கட்டாயமாக்க வேண்டும்.